மூன்றாவது தாள்

என் வீட்டு வாசற்கதவை ஒட்டி ஒரு மர நாற்காலி கிடக்கிறது. கை கிடையாது. முதுகு செங்குத்தாக நிற்கும். பத்து நிமிடத்துக்கு மேல் அதில் யாரும் உட்கார முடியாது. வருகிறவர்கள், செருப்பு மாட்டிக்கொள்வதற்காகப் போட்டிருக்கிறேன் என்று நினைத்துக்கொள்கிறார்கள். நான் திருத்துவதில்லை. மத்திய அரசு அலுவலகம் ஒன்றின் நிர்வாகப் பிரிவில் முப்பத்தோரு ஆண்டு இருந்தவன் நான். யாருக்கும் தொந்தரவு தராத தவறான புரிதலைக் கோப்பில் அப்படியே விட்டுவிடுவதுதான் முறை.

அந்த நாற்காலி என் மாடியில் பன்னிரண்டு ஆண்டுக்கு மேல் குடியிருந்தவருடையது. காலி செய்தபோது ஆணிகளைக்கூடப் பிடுங்கி எடுத்துப்போனவர் இதை மட்டும் விட்டுப்போனார். மறந்துவிட்டாரோ என்று கடிதம் எழுதிக் கேட்டேன். 'இனிமேல் தேவைப்படாது சார், நீங்களே வைத்துக்கொள்ளுங்கள்' என்று ஓர் அஞ்சலட்டை வந்தது. அதைப் படித்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை.

1991 தொடக்கத்தில் அவரும் அவர் மனைவியும் பெங்களூர் அடுகோடியில் என் மாடிக்குக் குடிவந்தார்கள். இருவரும் கோலார் தங்கவயல்காரர்கள். குழந்தை இல்லை. அவர் பொதுத்துறைத் தொழிற்சாலை ஒன்றில் அளவுக் கருவிகளைச் சரிபார்க்கும் வேலையில் இருந்தார். வாடகை ஒப்பந்தத்தை நானே வரைந்திருந்தேன், இருபத்திரண்டு பிரிவுகள். எனக்கு முன்பு வந்த குடித்தனக்காரர்கள் எல்லோரும் கடைசிப் பக்கத்தைத் தேடிக் கையெழுத்துப் போட்டவர்கள். இவர் முழுவதும் படித்தார், நின்றுகொண்டே, வாசற்படிக்குப் பக்கத்தில்.

"சார், பதினாலாவது பிரிவுல 'சத்தம் எழுப்பும் கருவிகள்'னு போட்டிருக்கீங்க. வயலின் அதுல வருமா?"

"வாசிக்கிறவரைப் பொறுத்தது" என்றேன்.

அவர் சிரிக்கவில்லை. அவர் மனைவிதான் சிரித்தார். "அப்ப கண்டிப்பா வரும் சார். எழுதிக்கோங்க."

பதினாலு அ என்று ஓர் உட்பிரிவு சேர்த்தேன். ஞாயிறு மாலை ஐந்து முதல் ஐந்தரை வரை வயலின் அனுமதிக்கப்படும்.

ஐந்து மணிக்கு ஆரம்பிப்பார். தேவாலயத்தில் ஐந்தாறு பேர் சேர்ந்து வாசிக்கும் குழு ஒன்றில் அவர் இருந்தார். ஆனால் வீட்டில் வாசித்தது கீர்த்தனை அல்ல. முதலில் வேகமாக ஒரு பகுதி வரும். கதவைத் தட்டுவதுபோல, எழுந்து உட்கார் என்று அதட்டுவதுபோல இருக்கும். பிறகு மெதுவாக ஒன்று. அது வரும்போது என் மனைவி காய் நறுக்குவதைக்கூட நிறுத்திவிடுவாள். அது முடியும். வேறு ஏதோ வரப்போகிறது என்று காது காத்திருக்கும். ஒன்றும் வராது. வயலின் பெட்டி மூடும் சத்தம்தான் கேட்கும்.

ஒவ்வொரு ஞாயிறும் இப்படியே. கடைசிப் பக்கம் இல்லாத கோப்பைப் பார்த்தால் எனக்கு உடம்பு அரிக்கும். ஒரு மாதம் பொறுத்துவிட்டு மேலே போய்க் கேட்டேன்.

"மூணு பகுதி சார் அது. மூணாவது வாசிக்கிறதில்லை" என்றார்.

அன்றைக்குத்தான் அந்தத் தாள்களைக் காட்டினார். பழுப்பேறிய மூன்று தாள். மேலே தலைப்போ எழுதியவர் பெயரோ இல்லை. ஒருகாலத்தில் சுரங்கத்துக்குள் மரத்தாங்கல் நிறுத்தும் வேலைக்கு இத்தாலியிலிருந்து ஆள்கள் வந்திருந்தார்களாம். அதில் ஒருவர் ஊர் திரும்பும்போது தன் வயலினையும் தாள்களையும் இவருடைய தாத்தாவிடம் விட்டுப்போயிருக்கிறார். முதல் இரண்டு தாளும் ஓரம் தேய்ந்து கிடந்தன. மூன்றாவதை அவர் கவிழ்த்தே வைத்திருந்தார்.

அது எதற்கான இசை என்று கேட்டேன். பேசத் தயங்குகிறவர், இதைப் பற்றி மட்டும் தயங்காமல் பேசினார்.

"இத்தாலியில நாடகம் பூராவும் பாட்டாவே நடக்கும் சார், ஆப்பரான்னு. ஜனங்க வருவாங்க, பேசிக்கினே இருப்பாங்க, தின்பாங்க, சீட்டாடுவாங்க. நாடகம் ஆரம்பிக்கப்போவுதுன்னு அவங்களுக்குத் தெரியணும். அதுக்குத் திரைக்கு முன்னாடி இதை வாசிச்சாங்க. பேரு சின்ஃபோனியா. வேகமா ஒண்ணு, மெதுவா ஒண்ணு, மறுபடி வேகமா ஒண்ணு. மூணாவது முடிஞ்சதும் திரை தூக்குவாங்க."

"அப்புறம்?"

"அப்புறம் யாரோ நாடகத்தை விட்டுட்டு இதை மட்டும் தனியா எடுத்து வாசிச்சாங்க. நல்லாத்தான் இருக்கேன்னு ஜனங்க உட்கார்ந்து கேட்டாங்க. பெருசாக்கினாங்க, நாலாவதா ஒரு பகுதியைச் சேத்தாங்க. அதான் சார் சிம்பொனி. திரை தூக்கப்போவுதுன்னு போட்ட சத்தம். திரை இல்லாம அது மட்டும் நின்னுடுச்சு."

எனக்கு உடனே புரிந்தது. இணைப்புகள் தொலைந்துபோய், முகப்புக் கடிதம் மட்டும் தனியாகப் பதவி உயர்வு பெற்றிருக்கிறது. எங்கள் துறையிலும் இது நடந்திருக்கிறது. அதைச் சொன்னேன். அவர் மனைவி சிரித்தார். அவர் மூன்றாவது தாளைப் பெட்டிக்கு அடியில் வைத்தார்.

அந்த அம்மாதான் பிறகு ஒருநாள் என் மனைவியிடம் காரணம் சொன்னார். "கல்யாணம் ஆன புதுசுல மூணையும் வாசிப்பாருக்கா. ஒருநாள் நான் சுகர்ல மயங்கி விழுந்து ஆஸ்பத்திரிக்குத் தூக்கினு போனாங்க. பொழைக்கமாட்டேன்னாங்க. பொழைச்சு வந்தேன். அன்னையிலேருந்து மூணாவது தாள் பெட்டிக்கு அடியில. அதை வாசிச்சா நான் போயிடுவேன்னு நெனைப்பு. கேட்டா ஒத்துக்கமாட்டாரு, கை வலிக்குதும்பாரு."

சிறு வயதிலிருந்தே அந்த அம்மாவுக்கு இன்சுலின். காலையில் ஓர் ஊசி, மாலையில் ஓர் ஊசி. இரண்டையும் கணவர்தான் போடுவார்.

அமைதியை அவர் நம்பியதில்லை. அவரைப் பற்றி ஒரே வரியில் குறிப்பு எழுதச் சொன்னால் இதைத்தான் எழுதுவேன். குக்கர் விசில் அடித்து அடங்கினால் நாம் சாப்பாடு தயார் என்போம். அவர் அடுக்களையை விட்டு வெளியே வந்துவிடுவார். தெருநாய்கள் குரைத்து ஓய்ந்தால் ஜன்னலுக்குப் போவார். தொழிற்சாலையில் இயந்திரச் சத்தம் நின்றால் எல்லோரும் அருகே போவார்களாம், இவர் இரண்டடி பின்னால் போவாராம். எங்கே போனாலும் கதவோரம்தான். கல்யாணத்திலும் தேவாலயத்திலும் பல் டாக்டரிடத்திலும். என் வீட்டுக்கு வந்தால் சோபாவில் உட்காரமாட்டார். மேலேயிருந்து அந்த மர நாற்காலியைத் தூக்கிக்கொண்டே வருவார்.

"பாத்ரூமுக்குப் போனாக்கூட கதவாண்டயே உக்காருவாரு" என்றார் அந்த அம்மா.

இதை நான் கோழைத்தனம் என்றே வகைப்படுத்தி வைத்திருந்தேன். ஒருமுறை கொஞ்சம் கேலியாகவே கேட்டும்விட்டேன். அவர் கோபப்படவில்லை.

"எங்கப்பா சுரங்கத்துல இருந்தாரு சார். ஒருநாள் உள்ள பாறை வெடிச்சுது. மேல வந்துட்டாரு, ஒரு கீறல் இல்ல. அப்புறம் ஒரு மணி நேரம் ஒண்ணுமில்ல. சரி, அடங்கிடுச்சுன்னு உள்ள மாட்டினவங்களைத் தூக்கியாரப் போனாரு. அப்பதான் ரெண்டாவது வெடிச்சுது. வெடியில சாகல சார் எங்கப்பா. அமைதியில செத்தாரு."

அந்த டிசம்பரில் காவிரி இடைக்காலத் தீர்ப்பு அரசிதழில் வெளியானது. அரசிதழில் வெளியாகும் ஒன்றுக்காக ஆள்கள் தெருவில் இறங்குவார்கள் என்று நான் நினைத்ததில்லை. வழக்கமாக அதைப் படிப்பவன் எங்கள் தெருவிலேயே நான் ஒருவன்தான். மறுநாள் நகரம் பற்றிக்கொண்டது.

முதல் நாள் எல்லாம் ஒரே நேரத்தில் நடந்தது. ஓசூர் சாலைப் பக்கம் புகை. தமிழ்நாட்டுப் பதிவெண் வண்டிகளை எரிக்கிறார்கள் என்றார்கள். நீலசந்திராவிலிருந்து மூட்டையோடு ஆள்கள் எங்கள் தெரு வழியாகப் போனார்கள், எங்கே போகிறோம் என்று அவர்களுக்கே தெரியாமல். என் மனைவி வாசலில் இருந்த பெயர்ப்பலகையைக் கழற்றினாள். அதில் என் பெயர் தமிழில் இருந்தது, கீழே ஆங்கிலத்தில் இரண்டு பட்டங்கள். பட்டங்களையாவது விட்டுவைக்கலாமே என்றேன். "ஸ்க்ரூ டிரைவரைக் கெட்டியாப் புடிங்க" என்றாள்.

அன்று மின்சாரம் போய்ப் போய் வந்தது. மேலே அவர் ஒரு காரியம் செய்தார். குளிர்பெட்டியில் புதிய இன்சுலின் குப்பி ஒன்று இருந்தது. மின்சாரம் இல்லாமல் மருந்து சூடாகிவிடுமோ என்று பயந்து, அதை எடுத்து மேலே ஐஸ் தட்டுக்குப் பக்கத்தில் செருகி வைத்துவிட்டார். இரவு மின்சாரம் ஒழுங்காக இருந்தது. காலையில் பார்த்தால் மருந்து உறைந்து கல்லாக இருந்தது. உறைந்த இன்சுலினால் பயனில்லை. பழைய குப்பியில் இருந்த கடைசிச் சொட்டு அந்தக் காலை ஊசிக்கே போயிற்று. மாலை ஆறு மணிக்கு அடுத்த ஊசி.

"ஊருல அவனவன் பால் வாங்கி வைக்கிறான். இவரு எனக்கு ஐஸ் புரூட்டு பண்ணி வச்சிருக்காரு" என்றார் அந்த அம்மா. சிரித்துக்கொண்டுதான் சொன்னார். முகம் மட்டும் ஏற்கெனவே வெளுத்திருந்தது.

இரண்டாம் நாள் மதியம் சத்தம் நின்றது. ஒரு குருவிகூடக் கத்தவில்லை. இரண்டு மணியிலிருந்து நான்குவரை ஊரடங்கு தளர்த்தப்படுவதாக வானொலியில் சொன்னார்கள்.

அவர் செருப்பை மாட்டிக்கொண்டு இறங்கி வந்தார். வெளிக்கதவின் கொண்டியில் கை வைத்தார். அப்படியே நின்றார். கை நடுங்கியிருந்தால்கூட எனக்குப் புரிந்திருக்கும். அது அசையவேயில்லை.

"இது நடுப்பகுதி சார்" என்றார்.

"ரேடியோவில் சொல்லிவிட்டார்கள். இரண்டிலிருந்து நாலு. உத்தரவு."

"கூட்டம் ரேடியோ கேக்குமா சார்?"

அவர் என்னை எதிர்த்துப் பேசியது அந்த ஒரே தடவைதான். மாடிப்படியின் மேலிருந்து அந்த அம்மாவின் குரல் வந்தது. "ரெண்டு பேரும் பேசி முடிவு பண்ணிட்டுச் சொல்லுங்க. அதுவரைக்கும் நான் இருக்கேன்."

அவர் சட்டைப்பையிலிருந்த மருந்துச் சீட்டை நானே எடுத்துக்கொண்டேன். நான் வீரன் அல்ல, விதியை நம்புகிறவன். தூரத்திலிருந்து பார்த்தால் இரண்டும் ஒன்றுபோலத் தெரியும்.

மருந்துக்கடை பெரிய சாலையில், ஏழு நிமிட நடை. ஷட்டர் பாதி இறங்கியிருந்தது. கடைக்காரர் கன்னடக்காரர், என்னைப் பல ஆண்டாகத் தெரியும். பேசாமல் சீட்டை வாங்கி, பேசாமல் குப்பியைக் காகிதத்தில் சுற்றினார். அப்போதுதான் அந்தச் சத்தம் கேட்டது. கூச்சல் இல்லை. நிறையக் கால்கள் ஓடுகிற சத்தம். அவர் என்னை உள்ளே இழுத்து ஷட்டரைக் கீழே இறக்கினார். "மாதாட்பேடி சார்" என்றார் மெதுவாக. பேசாதீர்கள்.

இருட்டில் நின்றேன். கூட்டம் கடையைத் தாண்டிப் போயிற்று. திரும்பி வந்தது. ஒரு கழி ஷட்டரின் இந்த முனையிலிருந்து அந்த முனைவரை இழுத்துக்கொண்டு போன சத்தம் இன்றும் என் பல்லில் இருக்கிறது. என் சட்டைப்பையில் அலுவலக அடையாள அட்டை இருந்தது. என் பெயர், தகப்பனார் பெயர், சொந்த ஊர் எல்லாம் அதில் உண்டு. அதை மென்று விழுங்கிவிடலாமா என்று ஒரு கணம் யோசித்தேன். முடியாது. அட்டைகளுக்கு எல்லாம் பிளாஸ்டிக் உறை ஒட்ட வேண்டும் என்று துறைக்குப் பரிந்துரைத்ததே நான்தான்.

எவ்வளவு நேரம் போயிற்று என்று தெரியவில்லை. ஷட்டரில் விரலால் தட்டும் சத்தம் கேட்டது. மெதுவாக, சீரான இடைவெளியில். கன்னடத்தில் ஒரு குரல், மனைவிக்கு மருந்து வாங்க வந்திருக்கிறேன் என்றது. அந்தக் குரலை எனக்குத் தெரியும். கடைக்காரர் ஓர் அடி உயரம் தூக்கினார். என் மாடிக்காரர் குனிந்து உள்ளே வந்தார். சட்டை முழுவதும் நனைந்து உடம்போடு ஒட்டியிருந்தது.

"நேரமாச்சேன்னு பாத்தேன்" என்றார் என் காதில். பிறகு, "இனிமே வாயைத் தொறக்காதீங்க சார்."

வெளியே வந்தோம். சாலை காலியாக இருந்தது. எங்கள் தெரு திரும்பும் முனையில் ஏழெட்டுப் பேர் நின்றிருந்தார்கள், கையில் கழிகள். நடுவில் ஒரு டயர் எரிந்துகொண்டிருந்தது. நான் ஓடத் தயாரானேன். அவர் என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார். அவருடைய விரல் ஒன்று என் நாடியின்மேல் தட்டிக்கொண்டே வந்தது. ஒன்று... இரண்டு... மூன்று... அந்த இரண்டாம் தாளின் வேகம். அதைவிட வேகமாக அவர் என்னை நடக்கவிடவில்லை.

"யாவ ஊரு?" என்றான் ஒருவன். எந்த ஊர்.

"கோலார்" என்றார். நல்ல கன்னடத்தில், நிதானமாக, மனைவிக்குச் சர்க்கரை, மருந்து தீர்ந்துபோயிற்று என்று சொல்லிக் குப்பியைக் காட்டினார். அதில் பொய் எதுவும் இல்லை.

அவன் என்னைக் காட்டினான். "இவரு?"

"மூக" என்றார் அவர். ஊமை.

என் பணிக்காலத்தில் என்னைப் பற்றி எழுதப்பட்ட எந்த ரகசிய அறிக்கையிலும் அந்தச் சொல் வந்ததில்லை. அவன் என்னை மேலும் கீழும் பார்த்தான். நான் ஊமையாகவே இருந்தேன். நடிக்க வேண்டியிருக்கவில்லை. வழிவிட்டார்கள். ஒன்று, இரண்டு, மூன்று என்று நடந்து வீடு சேர்ந்தோம். உள்ளே வந்து வெளிக்கதவைப் பூட்டிய பிறகு அவர் ஓடிப்போய்க் குழாயடியில் வாந்தி எடுத்தார். பிறகு கையைக் கழுவிக்கொண்டு மேலே போனார், ஊசி போட.

இருட்டியதும் தெருவில் மூன்றாவது வந்தது. அவர் எங்களையும் மேலே கூப்பிட்டுவிட்டார். நாங்கள் மூன்று பேரும் விளக்கை அணைத்து உள்ளறையில் தரையில் உட்கார்ந்திருந்தோம். அவர் மட்டும் அந்த நாற்காலியில், கதவில் முதுகை அழுத்திக்கொண்டு. எங்கள் தெருவில் ஒரு ஜன்னல் கண்ணாடியோடு போயிற்று. அடுத்த தெருவில் ஒரு பட்டறை இரவு முழுவதும் எரிந்தது.

ஊர் அடங்கி, பெயர்ப்பலகையை மறுபடி மாட்டிய வாரம் அவரிடம் சொன்னேன். "நீங்கள் சொன்ன மூன்றாவதும் வந்து போய்விட்டது. இனிமேல் அதை வாசித்துவிடலாமே."

"அது ஊரோட மூணாவது சார்" என்றார். உள்ளே துணி மடித்துக்கொண்டிருந்த மனைவியைப் பார்த்தார்.

பிறகு பல ஆண்டு, ஞாயிறுதோறும், இரண்டு பகுதி, பெட்டி மூடும் சத்தம். நானும் அதற்குப் பழகிவிட்டேன். பழகினேன் என்பதுகூடச் சரியில்லை. இரண்டாவது முடிந்து பெட்டி மூடும்வரை மூச்சை அடக்கிக்கொள்ள ஆரம்பித்திருந்தேன். மூடியதும் என் மனைவி, "ம், இந்த வாரம் தாண்டிடுச்சு" என்பாள்.

2003-இல் அந்த அம்மாவுக்குச் சிறுநீரகம் கெட்டது. மூன்று வாரம் மருத்துவமனையில் கிடந்தார். ஒருவழியாக வீட்டுக்கு அனுப்பினார்கள். அனுப்பும்போது தந்த அறிக்கையை நான்தான் முதலில் படித்தேன். நல்ல வரைவு. தேதிவாரியாக எல்லாம் இருந்தது, கடைசியில் 'நிலை சீராக உள்ளது' என்று முடிந்தது. மகிழ்ச்சியோடு அவரிடம் நீட்டினேன்.

"சீரா இருக்குன்னு எழுதியிருக்காங்க சார்" என்றார். வேலைநீக்க உத்தரவை வாங்கியவன் குரல் அது.

மாதங்கள் ஓடின. அந்த அம்மா தலையணை சாய்த்து உட்காருமளவு தேறினார். நான் ஓய்வு பெற்றேன். எனக்குத் தெரிந்த விதிகளை எல்லாம் வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று தெரியாமல், ஞாயிறு மாலை ஒன்றில் கூடத்தில் செய்தித்தாளோடு உட்கார்ந்திருந்தேன். மேலே வயலின் ஆரம்பித்தது. முதல் பகுதி. இரண்டாம் பகுதி. வழக்கத்தைவிட மெதுவாக, எங்கே முடிந்தது என்றே தெரியாமல் முடிந்தது.

பெட்டி மூடும் சத்தம் வரவில்லை.

என் மனைவி அடுக்களையிலிருந்து வந்து என்னைப் பார்த்தாள். அப்போது மேலே நான் அதுவரை கேட்டிராத ஒன்று தொடங்கியது.

மாடிப்படி பத்தொன்பது. என் முழங்கால் அனுமதித்த வேகத்தைவிட வேகமாக ஏறினேன். துக்க வீட்டில் என்னென்ன செய்ய வேண்டும், யாருக்குச் சொல்ல வேண்டும், எந்தச் சான்றிதழுக்கு எங்கே போக வேண்டும் என்ற பட்டியல் படிக்கு ஒன்றாக மண்டையில் ஓடியது. எனக்கே வெட்கமாக இருந்தது.

கதவு திறந்திருந்தது. கதவோரம் நாற்காலி இல்லை. அது கட்டிலுக்குப் பக்கத்தில் போயிருந்தது. அவர் கதவுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து வாசித்துக்கொண்டிருந்தார். அவரை அப்படி நான் பார்த்ததே இல்லை.

அந்த அம்மா கண்ணைத் திறந்துகொண்டு படுத்திருந்தார்.

"வாங்க சார். பயந்துட்டீங்களா? நான்தான் வாசிக்கச் சொன்னேன்" என்றார். குரல் காற்றாக வந்தது. "எப்படி முடியுதுன்னு தெரியாமயே போவணுமான்னு கேட்டேன். பாவம், அழுதுட்டாரு."

அவர் நிறுத்தவில்லை. மோசமாக வாசித்தார். வில் இடறியது. இருபது ஆண்டுக்கும் மேலாகத் தொடாத தாள். பயங்கரமாக ஏதோ இருக்கும் என்று நான் நினைத்திருந்தேன். அது சின்னப் பெண்கள் பாண்டி ஆடுவதுபோலத் துள்ளித் துள்ளிப் போயிற்று. இரண்டு நிமிடம்கூட இருக்காது. தொடங்கியதுபோலவே சட்டென்று முடிந்தது.

"இவ்ளோதானா?" என்றார் அந்த அம்மா. சிரிப்பும் இருமலும் சேர்ந்து வந்தன. "இதையா இத்தனை வருசம் ஒளிச்சு வச்சீங்க?"

அவர் வில்லை மடியில் வைத்தார். "இது முடிஞ்சாதான் திரை தூக்குவாங்க" என்றார்.

"தூக்கட்டும்."

பக்கத்து வீட்டுக் குக்கர் விசில் அடித்து அடங்கியது. அவர் எழுந்து போகவில்லை, தலையைக்கூடத் திருப்பவில்லை. மனைவியின் கையை எடுத்துத் தன் கைக்குள் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

நோயாளியின் அறையில் அதிக நேரம் நிற்கக் கூடாது, கீழே போயிருக்க வேண்டும். நான் போகவில்லை. காலியாகக் கிடந்த அந்தக் கதவோரத்தில் போய் நின்றுகொண்டேன். யாராவது ஒருவர் அங்கே இருக்க வேண்டும் என்று தோன்றியது.